துயரத்தை எழுதிய புத்தகங்களை எப்படி வாசிப்பது? கவிதையும் அபுனைவும் சேர்ந்த ஒரு முழு வழிகாட்டி

கஷ்டத்தில் இருப்பவர் கையில் யாராவது ஒரு புத்தகத்தைத் திணிப்பார்கள். "இதைப் படி, தெம்பு வரும்." வாங்கியவர் இருபது பக்கம் படிப்பார், மூடி வைப்பார். அப்புறம் அந்த அட்டை கண்ணில் படும்போதெல்லாம் ஒரு குற்ற உணர்ச்சி. துயரையும் மீண்டெழுதலையும் பேசும் நல்ல புத்தகங்கள் பல இப்படித்தான் பாதியில் நிற்கின்றன. புத்தகத்தின் மேல் தப்பில்லை. அதை மாத்திரை மாதிரி கொடுத்ததும், மாத்திரை மாதிரி விழுங்கப் பார்த்ததும்தான் தப்பு.

நானும் அதைச் செய்தவன்தான். ஒரே மாதத்தில் நான்கு வதைமுகாம் நினைவுக்குறிப்புகளை அடுத்தடுத்துப் படித்தேன். மூன்றாவது புத்தகத்தில் மனிதர்கள் சாகும் பக்கங்களைச் சாதாரணமாகப் புரட்டிக்கொண்டிருந்தேன். அதைக் கவனித்தபோதுதான் வாசிக்கும் முறையை மாற்ற வேண்டும் என்று பட்டது. மெல்ல ஒரு முறை கைக்கு வந்தது: ஒரு துயரத்தைப் பற்றிய கவிதையையும் அதே துயரத்தைப் பற்றிய அபுனைவையும், அதாவது கற்பனை கலக்காத உரைநடையையும், ஜோடியாக வாசிப்பது. நடந்தது தெரியாமல் கவிதையை மட்டும் படித்தால் அது நாட்காட்டியின் அடியில் அச்சிடும் பொன்மொழி ஆகிவிடுகிறது. கவிதை இல்லாமல் தகவலை மட்டும் படித்தால் கோப்பு படித்த மாதிரி இருக்கிறது.

படி 1: இப்போது எங்கே நிற்கிறீர்கள் என்று பாருங்கள்

துயரத்தின் நடுவிலேயே இருக்கிறீர்களா, அதில் இருக்கும் ஒருவருக்குப் பக்கத்தில் இருக்கிறீர்களா, தூரத்திலிருந்து தெரிந்துகொள்ள விரும்புகிறீர்களா? மூன்றுக்கும் ஒரே புத்தகம் சரிவராது.

நடுவில் இருப்பவருக்கு 400 பக்க உரைநடை வேண்டாம். கவனம் ஒரு பக்கத்துக்கு மேல் நிற்காத நாட்கள் அவை. ஒரு பக்கக் கவிதை போதும், அதையே நாலு நாள் வைத்துக்கொள்ளலாம். பக்கத்தில் இருப்பவருக்கு உரைநடை முதலில்: மற்றவர் எதைச் சொல்லாமல் விடுகிறார் என்பது அதில்தான் பிடிபடும். தூரத்தில் இருப்பவர் எதிலிருந்தும் தொடங்கலாம், ஆனால் அவருக்குத்தான் கீழே வரும் படி 3 ரொம்ப முக்கியம்.

படி 2: ஜோடியைத் தேர்ந்தெடுங்கள்

இதில்தான் அதிக நேரம் செலவிட வேண்டும். எனக்குப் பலன் தந்த சில ஜோடிகளைச் சொல்கிறேன்.

முதலாவது, ரஷ்யக் கவிஞர் அன்னா அக்மதோவாவின் 'ரெக்வியம்' கவிதைத் தொடர். ஸ்டாலின் காலத்தில் அவருடைய மகன் கைதானபோது லெனின்கிராட் சிறை வாசல் வரிசைகளில் 17 மாதங்கள் நின்றதாக அவரே எழுதுகிறார். வரிசையில் குளிரில் உதடு நீலம் பாரித்த ஒரு பெண் அவர் காதருகே வந்து, "இதை உங்களால் விவரிக்க முடியுமா?" என்று கேட்கிறாள். "முடியும்" என்கிறார் கவிஞர். ஆனால் அந்தக் கவிதைகளைத் தாளில் வைத்திருப்பதே ஆபத்து. துண்டுச்சீட்டில் எழுதித் தோழி லிதியா சுகோவ்ஸ்கயாவிடம் நீட்டுவார், அவர் மனப்பாடம் செய்ததும் சீட்டைச் சாம்பல் கிண்ணத்தில் எரிப்பார். சுவருக்கும் காது உண்டு என்பதால் வாய் மட்டும் தேநீரைப் பற்றியோ பருவத்தைப் பற்றியோ பேசிக்கொண்டிருக்கும். தொடர் 1963இல் மியூனிக்கில் அச்சானது, சோவியத் நாட்டில் 1987இல்தான் வெளிவந்தது.

இதற்கு ஜோடி, நதேழ்தா மந்தல்ஸ்தாம் எழுதி 1970இல் வெளியான நினைவுக்குறிப்பு. ஆங்கிலத்தில் 'ஹோப் அகெய்ன்ஸ்ட் ஹோப்'. ரஷ்ய மொழியில் நதேழ்தா என்றாலே நம்பிக்கை. ஸ்டாலினைப் பற்றிக் கவிதை எழுதியதற்காக நதேழ்தாவின் கணவரான கவிஞர் ஓசிப் 1934 மே மாதம் கைது செய்யப்பட்டார். அன்று இரவு அந்த வீட்டு விருந்தாளி வேறு யாருமில்லை, அக்மதோவாதான். அவருக்குக் கொடுக்க ஒரே ஒரு முட்டை தேடி வாங்கி வந்திருந்தார் ஓசிப். அதிகாரிகள் விடிய விடிய வீட்டைச் சோதிக்கிறார்கள், முட்டை மேசைமேல் கிடக்கிறது. போவதற்கு முன் நீங்களே சாப்பிடுங்கள் என்கிறார் அக்மதோவா. ஓசிப் உட்கார்ந்து, உப்புத் தூவிச் சாப்பிடுகிறார். அந்த முட்டையைப் படித்துவிட்டு 'ரெக்வியம்' பக்கம் திரும்பிப் பாருங்கள். கவிதையில் வரும் மௌனம் எதனால் ஆனது என்று தெரியும். ஓசிப் 1938 டிசம்பரில் விளாதிவஸ்தோக் அருகே ஓர் இடைமுகாமில் இறந்தார். அவருடைய கவிதைகளை நதேழ்தா தன் மனப்பாடத்தில் வைத்துக் காப்பாற்றினார்.

இரண்டாவது ஜோடி ஒரே ஆளுடையது. சோவியத் கவிஞர் இரினா ரதுஷின்ஸ்கயா தன் கவிதைகளுக்காக 1983இல் ஏழு ஆண்டு முகாம் தண்டனை பெற்றவர். முகாமில் தீக்குச்சியால் சோப்புக் கட்டிமேல் கவிதையைக் கீறி, மனப்பாடம் ஆனதும் கழுவிவிடுவார். விடுதலைக்குப் பிறகு அந்த வாழ்க்கையை உரைநடையிலும் எழுதினார். ஒரே கை, இரண்டு வடிவம். எதைக் கவிதைக்கு வைத்தார், எதை உரைநடைக்கு விட்டார் என்று ஒப்பிடுவதே தனிச் சுவை.

மூன்றாவது, சொந்த இழப்பைப் பற்றியது. ஆங்கிலக் கவிஞர் டெனிஸ் ரைலியின் வளர்ந்த மகன் திடீரென்று இறந்தார். 'டைம் லிவ்ட், விதவுட் இட்ஸ் ஃப்ளோ' என்ற சிறு நூலில், இறந்து இத்தனை வாரம், இத்தனை மாதம் என்று தலைப்பிட்டுத் தன் நாட்களைக் குறித்து வைத்திருக்கிறார். தனக்குக் காலம் நின்றுபோனது என்பதைப் புலம்பலாக இல்லாமல் ஓர் ஆய்வாளரின் நிதானத்தோடு கவனிக்கிறார். 'சே சம்திங் பேக்' (2016) அவருடைய கவிதைத் தொகுப்பு. இழப்பைப் பற்றி ஒரே ஒரு ஜோடி சொல்லச் சொன்னால் இதைத்தான் சொல்வேன்.

சில புத்தகங்கள் தாமே ஜோடியாக இருக்கின்றன. ஆஷ்விட்ஸ் என்ற நாஜி வதைமுகாமில் இருந்து திரும்பிய பிரெஞ்சு எழுத்தாளர் சார்லோத் தெல்போவின் நூல்களில் உரைநடை நடுவே கவிதை முளைக்கிறது. அவரோடு 1943 ஜனவரியில் ஏற்றிச் செல்லப்பட்ட பெண்கள் 230 பேர், திரும்பியவர்கள் 49 பேர். ஆஸ்திரேலியா அகதிகளை அடைத்துவைத்த மனுஸ் தீவில் இருந்த குர்திய எழுத்தாளர் பெஹ்ரூஸ் பூச்சானியின் 'நோ ஃப்ரெண்ட் பட் தி மவுன்டன்ஸ்' (2018) பாரசீக மொழியில் கைபேசிக் குறுஞ்செய்திகளாக வெளியே அனுப்பப்பட்டு, ஓமித் தொஃபிகியானால் மொழிபெயர்க்கப்பட்ட நூல். அதிலும் பத்தி முறிந்து கவிதையாகும் இடங்கள் உண்டு. அந்த முறிவுகளில் பென்சிலால் கோடு போட்டுக்கொள்ளுங்கள்: உரைநடை எங்கே தாங்காமல் போனது என்று அவை காட்டும்.

தமிழிலேயே தொடங்க விரும்பினால் தலித் வாழ்வைப் பேசும் தன்வரலாறான பாமாவின் 'கருக்கு' (1992) இருக்கிறது. பனைமட்டையின் ரம்பப் பல்தான் கருக்கு, தொட்டால் அறுக்கும். ஈழத்துக் கவிஞர்கள் பலரின் கவிதைகளைச் சேர்த்து 1985இல் வந்த 'மரணத்துள் வாழ்வோம்' தொகுப்பும் உண்டு. இவை ஒன்றுக்கொன்று ஜோடி இல்லை, இரண்டும் வேறு வேறு போராட்டங்கள். ஆனால் மொழிபெயர்ப்பின் திரை இல்லாமல் நேரே காதில் விழும்.

படி 3: யார் பேசுகிறார் என்று விசாரியுங்கள்

அபுனைவு என்று அட்டையில் போட்டிருந்தால் மட்டும் போதாது. பேசுபவர் மூன்று வகை: பட்டவர், கேட்டு எழுதியவர், பின்னால் வந்து ஆராய்ந்தவர். ஆஷ்விட்ஸில் இருந்து பிழைத்து வந்த இத்தாலிய எழுத்தாளர் பிரிமோ லெவி முதல் வகை. பெலாருஸ் எழுத்தாளர் ஸ்வெத்லானா அலெக்ஸியேவிச் இரண்டாம் வகை. செர்னோபில் அணு உலை விபத்து பற்றிய அவர் நூலில் சாட்சிகளின் குரல்கள் நேரே பேசுவது போலத் தோன்றினாலும், கேட்டதும் சுருக்கியதும் அடுக்கியதும் அவர்தான். அதனால் நூல் பொய்யாகிவிடாது. ஆனால் நம் காதில் விழுவது ஓர் எழுத்தாளர் கோத்த குரல் என்ற நினைவோடு படிக்க வேண்டும்.

பொய்யும் உண்டு. பின்யமின் வில்கோமிர்ஸ்கி என்ற பெயரில் 1995இல் வந்த வதைமுகாம் குழந்தைப்பருவ நினைவுகள் பரிசுகள் வாங்கின. சில ஆண்டுகளிலேயே அது கற்பனை என்று தெரிந்தது, எழுதியவர் சுவிட்சர்லாந்தில் பிறந்து வளர்ந்தவர். அமெரிக்க எழுத்தாளர் ஜேம்ஸ் ஃப்ரேயின் போதை மீட்பு நினைவுக்குறிப்பில் முக்கியமான பகுதிகள் ஊதிப் பெருக்கப்பட்டவை என்று 2006இல் அம்பலமானது.

எப்படிக் கண்டுபிடிப்பது? உறுதியான வழி எதுவும் இல்லை. சில அடையாளங்களைச் சொல்லலாம். உண்மையான சாட்சி "எனக்கு நினைவில்லை" என்று அடிக்கடி சொல்வார். தன்னைப் பற்றி அசிங்கமான ஒன்றையாவது ஒப்புக்கொள்வார். நேரமும் இடமும் சலிப்பூட்டும் அளவுக்குத் திட்டமாக இருக்கும். எல்லாக் காட்சியும் சினிமா மாதிரி முழுமையாக இருந்தால், எல்லா வில்லனும் சரியான வசனம் பேசினால், கொஞ்சம் நின்று விசாரியுங்கள்.

படி 4: உரைநடையில் சின்னப் பொருட்களைத் தேடுங்கள்

பெரிய தத்துவ வரிகளுக்கு அடியில் கோடு போடும் பழக்கத்தைக் கொஞ்ச காலத்துக்கு விடுங்கள். அதற்குப் பதில் செருப்பு, கரண்டி, சோப்பு, ரொட்டி எங்கே வருகிறது என்று பாருங்கள்.

லெவியின் 'இது மனிதனா' (1947) இதற்குச் சரியான பயிற்சி நூல். பெரிய பதிப்பகம் மறுத்ததால் முதலில் ஒரு சிறிய பதிப்பகம் 2,500 பிரதி அச்சடித்தது, 1958இல்தான் மறுபதிப்பு. முகாமில் சாவு காலணியில் இருந்து தொடங்குகிறது என்கிறார் அவர்: பொருந்தாத காலணி, புண், வீக்கம், நடை தளர்வு, அப்புறம் முடிவு. அதே நூலில் ஸ்டைன்லாஃப் என்ற முன்னாள் சிப்பாய் சோப்பே இல்லாமல், அழுக்குத் தண்ணீரில் தினமும் முகம் கழுவுகிறார். லெவிக்கு அது வீண் வேலையாகத் தெரிகிறது. உடம்பு சுத்தமாகாது என்று ஸ்டைன்லாஃபுக்கும் தெரியும். இந்த இடம் நம்மை மிருகமாக்கப் பார்க்கிறது, அதற்கு ஒப்புதல் கொடுக்காமல் இருப்பது ஒன்றுதான் நம் கையில் மிச்சம் என்கிறார். எனக்குப் பிடித்தது அடுத்த விஷயம்: லெவி இதை முழுதாக ஏற்றுக்கொள்வதில்லை. இன்னொருவர் செய்து வைத்த ஒழுங்கு எனக்குப் பொருந்துமா என்று தயங்குகிறார். தன்னம்பிக்கைப் புத்தகமாக இருந்தால் அந்தத் தயக்கத்தை வெட்டியிருப்பார்கள்.

படி 5: கவிதையைக் காதால் படியுங்கள்

முதல் நாள் ஒரு முறை வாய்விட்டு. மறுநாள் ஒரு முறை. மூன்றாம் நாள் புத்தகத்தை மூடி, எத்தனை வரி நினைவில் இருக்கிறது என்று பாருங்கள். மேலே பார்த்த கவிதைகளில் பாதி, யாரோ ஒருவரின் மனப்பாடத்தில்தான் உயிரோடு இருந்தன. அவற்றை அதே வழியில் பெற்றுக்கொள்வது நியாயம்தானே.

தேதியையும் இடத்தையும் விடாதீர்கள். ஹங்கேரியக் கவிஞர் மிக்லோஷ் ரத்னோதி கட்டாய உழைப்பு முகாமிலிருந்து நடத்திச் செல்லப்பட்டபோது ஒரு சிறு குறிப்பேட்டில் எழுதினார். கடைசிக் கவிதையின் தேதி 1944 அக்டோபர் 31. பக்கத்தில் சுடப்பட்டு விழுந்த தோழனைப் பற்றியது அது, அடுத்து தனக்கும் இதுதான் என்று அதிலேயே தெரிகிறது. நவம்பரில் சுட்டுக் கொல்லப்பட்டார். 1946இல் புதைகுழியைத் தோண்டியபோது கோட்டுப் பையில் அந்தக் குறிப்பேடு கிடைத்தது. தேதி தெரியாமல் படித்தால் அது ஒரு சோகக் கவிதை. தெரிந்து படித்தால் ஒவ்வொரு வரியும் எழுதி முடித்ததே ஆச்சரியமாகிறது.

கவிதை என்ன சொல்லாமல் விட்டது என்பதையும் கேளுங்கள். புறநானூற்றில் பாரி மகளிரின் 'அற்றைத் திங்கள்' ஐந்தே அடி. போன மாத நிலவில் தந்தை இருந்தார், குன்றும் எங்களுடையது. இந்த மாத நிலவில் குன்றும் இல்லை, தந்தையும் இல்லை. அவ்வளவுதான். அழுகை என்ற சொல் எங்கும் இல்லை. நிலவு மட்டும் மாறாமல் அப்படியே இருக்கிறது, அதுதான் வலிக்கிறது.

படி 6: வெற்றியோடு முடியும் கதையைச் சந்தேகியுங்கள்

ஆங்கிலக் கவிஞர் வில்லியம் எர்னஸ்ட் ஹென்லியின் 'இன்விக்டஸ்' கவிதையை மேடையில் கேட்காதவர்கள் குறைவு. என் விதிக்கு நானே எஜமான் என்ற தொனி. மண்டேலா ராபன் தீவுச் சிறையில் அதைச் சொல்லிக்கொண்டிருந்தார் என்பதால் புகழ் இன்னும் கூடியது. எலும்புக் காசநோயில் ஹென்லி ஏற்கெனவே ஒரு காலை இழந்தவர். மற்றக் காலைக் காப்பாற்ற எடின்பரோவில் அறுவை மருத்துவர் ஜோசப் லிஸ்டரிடம் நீண்ட காலம் சிகிச்சையில் கிடந்தார். அதே ஹென்லி 'இன் ஹாஸ்பிடல்' என்று ஒரு கவிதைத் தொடரும் எழுதினார்: வார்டின் மணம், செவிலியர், அறுவைக்குக் காத்திருக்கும் நேரம், தூங்காத இரவு. அதை இன்று யாரும் மேடையில் சொல்வதில்லை. என்னைக் கேட்டால் அதுதான் நல்ல கவிதை. 'இன்விக்டஸ்' அந்தக் கட்டிலில் கிடந்தவன் போட்ட கூச்சல், தொடர் அந்தக் கட்டிலேதான்.

இன்னொரு விஷயம். நாம் படிக்கும் நினைவுக்குறிப்புகள் எல்லாம் திரும்பி வந்தவர்கள் எழுதியவை. நாஜி முகாம்களில் இருந்து பிழைத்த மனநல மருத்துவர் விக்டர் ஃபிராங்க்ல் தன் நூலில், எங்களில் சிறந்தவர்கள் திரும்பவில்லை என்று எழுதினார். லெவி 1986இல் இன்னும் கடுமையாகச் சொன்னார்: உண்மையான சாட்சிகள் மூழ்கியவர்களே, அதாவது திரும்பாதவர்களே, தப்பியவர்கள் விதிவிலக்கு. எனவே "அவர் மனவலிமையால் பிழைத்தார்" என்று ஒரு பின்னட்டை சொன்னால், மனவலிமை இருந்தும் பிழைக்காதவர்களை அந்த வாக்கியம் என்ன செய்கிறது என்று கேளுங்கள். லெவி தன் பிழைப்புக்குச் சொன்ன காரணங்களில் அதிர்ஷ்டம் முதலில் வருகிறது. வேதியியல் படித்தவர் என்பதால் ஆய்வுக்கூட வேலை கிடைத்ததும், முகாமுக்கு வெளியே இருந்து ஒரு தொழிலாளி மாதக்கணக்கில் சாப்பாடு கொண்டுவந்து கொடுத்ததும் அதில் சேர்த்தி.

மீண்டெழுதல் என்ற சொல்லை நானும் இங்கே பயன்படுத்துகிறேன், வேறு வழியில்லாமல். ஆனால் இந்தப் புத்தகங்களில் பெரும்பாலும் நடப்பது தாக்குப்பிடித்தல்தான். எழுவது எல்லோருக்கும் வாய்ப்பதில்லை.

படி 7: மொழிபெயர்ப்பைப் பாருங்கள்

உரிமைப் பக்கத்தில் எந்த மொழியில் இருந்து பெயர்த்தார்கள் என்று பாருங்கள். மூலத்திலிருந்து நேரடியா, ஆங்கிலம் வழியா? உரைநடையில் இதனால் வரும் இழப்பு பொறுக்கக்கூடியது. கவிதையில் அப்படியில்லை, முடிந்தால் ஒரே கவிதைக்கு இரண்டு மொழிபெயர்ப்புகளைப் பக்கத்தில் வைத்துப் படியுங்கள். இரண்டும் வேறுபடும் சொல்லில்தான் மூலத்தின் முள் இருக்கும்.

படி 8: அளவு

இரண்டு கனமான நூல்களுக்கு நடுவே குறைந்தது ஒரு வாரம் வேறு ஏதாவது படியுங்கள், சமையல் குறிப்பானாலும் சரி. இரவில் படுக்கப் போகும் முன் வேண்டாம். ஒரு நோட்டில் ஒவ்வொரு அமர்வுக்கும் மூன்று வரி: என்ன பொருள் கண்ணில் பட்டது, எந்த வரி காதில் நின்றது, எங்கே படிப்பதை நிறுத்தத் தோன்றியது. மூன்றாவது வரிதான் பிற்பாடு அதிகம் உதவும்.

தூக்கம் கெட்டால், பழைய காயம் கிளறப்பட்டால் நிறுத்திவிடுங்கள். பாதியில் விடுவது தோல்வி இல்லை. ஒரு நண்பரிடமோ மனநல ஆலோசகரிடமோ பேசுங்கள், புத்தகம் அங்கேயே இருக்கும். நேர்மாறாக, என்னைப் போல எதுவும் உறைக்காமல் பக்கம் ஓடினாலும் நிறுத்துங்கள்.

படி 9: இன்னொருவருக்குக் கொடுக்கும்போது

இழப்பு நடந்த முதல் நாட்களில் எதையும் கொடுக்காதீர்கள். போய் உட்காருங்கள், பாத்திரம் கழுவிக் கொடுங்கள். சில மாதம் கழித்து, வந்து போகிறவர்கள் குறைந்த பிறகு, ஒரு மெல்லிய கவிதை நூல் கொடுக்கலாம். முன்பக்கத்தில் அறிவுரை எழுத வேண்டாம். ஒரே ஒரு கவிதையில் அடையாளத் தாள் வையுங்கள், உங்களுக்கு ஏன் பிடித்தது என்று ஒரு வரி மட்டும். படித்தாயா என்று கேட்கவே கேட்காதீர்கள்.

சேர்ந்து வாசிக்க யாராவது கிடைத்தால் இன்னும் நல்லது. லெவியின் நூலில் ஓர் அத்தியாயம் இருக்கிறது: சூப்புப் பானை எடுத்துவரப் போகும் வழியில், இத்தாலியன் கற்க ஆசைப்படும் ஜான் என்ற இளைஞனுக்கு அவர் இத்தாலிய மகாகவி தாந்தேயின் காவியத்தில் வரும் யூலிஸஸ் பகுதியைச் சொல்லிக் காட்டுகிறார். சில அடிகள் மறந்துவிட்டன. விட்டுப்போன அடிகளை இணைக்க முடிந்தால் இன்றைய சூப்பையே கொடுத்துவிடுவேன் என்கிறார், பசியில் செத்துக்கொண்டிருக்கும் மனிதர். கூட்டு வாசிப்பை எந்த இடத்தில் தொடங்குவது என்று கேட்பவர்களுக்கு நான் சொல்வது அந்த அத்தியாயம்தான். இரண்டு பேர் போதும். ஒருவர் படிக்க, ஒருவர் கேட்க.